ஸ்பானிய மொழியின் மூன்று சுட்டுகள்



ஒரு பொருளைச் சுட்டிக் காட்ட நாம் இரண்டு சொற்களையே வைத்துக்கொண்டிருக்கிறோம். அருகில் இருந்தால் ‘இது’ என்கிறோம். தள்ளி இருந்தால் ‘அது’ என்கிறோம். ஸ்பானிய மொழி பேசுகிறவருக்கு இந்த இரண்டு போதா. அவர் மூன்று சொற்களை ஆள்கிறார். அந்த மூன்றாவது சொல் எதற்காக, அதை எங்கே, எப்படி வழங்குவது என்பதை இன்று பார்ப்போம்.

‘ஸ்பானிய மொழிக்கும் நமக்கும் என்ன உறவு?’ என்று சிலர் கேட்கலாம். ஸ்பெயினில் தோன்றிய அம்மொழி இன்று இருபது நாடுகளில் ஆட்சிமொழியாக இருக்கிறது. நமக்கு அண்டை நாடான பிலிப்பைன்ஸில் 1565 முதல் 1898 வரை ஸ்பானிய ஆட்சி நடந்தது. அம்மொழிக்கு உடன்பிறப்பைப் போன்றது போர்த்துகீசிய மொழி. அதிலிருந்து வந்த சொற்கள் நம் வீட்டிலேயே புழங்குகின்றன. நாம் ‘மேசை’ என்பதை ஸ்பானியர் ‘மேசா’ என்பர். நாம் காலில் போடும் ‘சப்பாத்து’ அவர்களுக்குச் ‘சப்பாத்தோ’. ஆகவே, அந்தச் சப்பாத்தையும் மேசையையும் கொண்டே பாடத்தைத் தொடங்குவோம்.

மெக்சிகோ நகரில் ஒரு சப்பாத்துக் கடை. வாங்க வந்தவர் ஒரு சோடியில் ஒற்றைச் சப்பாத்தைக் கையில் எடுத்துப் பார்க்கிறார். எதிரே நிற்கும் கடைக்காரர் கையில் வேறொன்று இருக்கிறது. இருவருக்கும் எட்டாத உயரத்தில், தட்டின் மேல், மூன்றாவது ஒன்று இருக்கிறது. தம் கையில் உள்ளதை வாங்க வந்தவர் ‘எஸ்தே’ என்பார். கடைக்காரர் கையில் உள்ளதை ‘எஸே’ என்பார். மேல் தட்டில் உள்ளதை ‘அக்கேல்’ என்பார். ‘கியேரோ எஸே’ என்றால், ‘உங்கள் கையில் இருக்கிறதே, அதுதான் எனக்கு வேண்டும்’ என்பது பொருள்.

இங்கே அளவுகோல் தூரம் மட்டுமன்று என்பதைக் கவனிக்க வேண்டும். பேசுகிறவர் பக்கத்தில் இருப்பது எஸ்தே. கேட்கிறவர் பக்கத்தில் இருப்பது எஸே. இருவரையும் விட்டு விலகி இருப்பது அக்கேல். ஆகவே, பேசும் ஆள் மாறினால் சொல்லும் மாறும். வாங்க வந்தவர் ‘எஸே’ என்று கேட்டதையே கடைக்காரர் ‘எஸ்தேயா?’ என்று திருப்பிக் கேட்பார். அது அவர் கையில் அல்லவா இருக்கிறது! புதிதாகப் பயில்கிறவர்கள் கேட்ட சொல்லை அப்படியே திருப்பிச் சொல்லிவிடுவதால் இந்த இடத்தில்தான் பெரும்பாலும் தடுமாறுகிறார்கள்.

இந்த முறை நமக்கு முற்றிலும் புதியதா? இல்லை. மலாய் மொழியில் இடத்தைக் குறிக்க ‘சினி’, ‘சித்து’, ‘சானா’ என்று மூன்று சொற்கள் உண்டல்லவா? இங்கே என்பது சினி. உங்கள் பக்கம் என்பது சித்து. அதோ தொலைவில் என்பது சானா. ஸ்பானியரும் இடத்திற்கு ‘அக்கீ’, ‘அயீ’, ‘அல்யீ’ என்று மூன்று சொற்களை வைத்திருக்கிறார்கள்.

அதைவிட நெருக்கமான உறவு நம் தாய்மொழியிலேயே இருக்கிறது. தொல்காப்பியம் அகரம், இகரம், உகரம் ஆகிய மூன்றையும் சுட்டெழுத்து என்று கூறுகிறது. இவன், அவன் என்பவற்றுக்கு நடுவே ‘உவன்’ என்பதும், இது, அது என்பவற்றுக்கு நடுவே ‘உது’ என்பதும் தமிழில் வழங்கின. நம் பேச்சில் அந்த நடுச்சுட்டு மறைந்துவிட்டது. யாழ்ப்பாணத்துப் பேச்சில் மட்டும் அது உயிரோடு இருக்கிறது. ‘உதை எடு’ என்று யாழ்ப்பாணத்தார் சொன்னால், ‘உன் பக்கத்தில் இருப்பதை எடு’ என்பது கருத்து. ஸ்பானியரின் ‘எஸே’யும் யாழ்ப்பாணத்தாரின் ‘உது’வும் ஒரே வேலையைச் செய்கின்றன. இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. நாம் நடுச்சுட்டை இழந்தோம். அமெரிக்கக் கண்டத்து ஸ்பானியரில் பலரோ அன்றாடப் பேச்சில் அக்கேலைக் குறைத்து, தொலைவில் உள்ளதையும் ‘எஸே’ என்றே சொல்லிவிடுகிறார்கள்.

அடுத்து, ஆண்பால் பெண்பால் வேறுபாடு. தமிழில் உயிரற்ற பொருளெல்லாம் ‘இது’தான். ஸ்பானிய மொழியிலோ மேசைக்கும் சப்பாத்துக்கும்கூடப் பால் உண்டு. சப்பாத்தோ ஆண்பால், மேசா பெண்பால். ஆகவே சப்பாத்தைக் காட்டினால் ‘எஸ்தே’ என்றும், மேசையைக் காட்டினால் ‘எஸ்தா’ என்றும் சொல்ல வேண்டும். பல சப்பாத்துகள் என்றால் ‘எஸ்தோஸ்’. பல மேசைகள் என்றால் ‘எஸ்தாஸ்’. இவ்வாறே எஸே, எஸா, எஸோஸ், எஸாஸ் என்றும், அக்கேல், அக்கேயா, அக்கேயோஸ், அக்கேயாஸ் என்றும் வரும்.

பெயரே தெரியாத பொருளை எப்படிச் சுட்டுவது? பெயர் தெரியாவிட்டால் பாலும் தெரியாதே! அதற்காகவே எஸ்தோ, எஸோ, அக்கேயோ என்னும் பொதுச் சொற்கள் உள்ளன. இவற்றுக்குப் பன்மை இல்லை. ‘கே எஸ் எஸ்தோ?’ என்றால் ‘இது என்ன?’ என்று பொருள். பொருளை மட்டுமல்லாமல், பேசப்படும் செய்தியையும் இவை குறிக்கும். எதிரே இருப்பவர் சொன்ன கருத்தை ‘எஸோ’ என்று சுட்டுவர். ‘எஸோ எஸ்’ என்றால், ‘நீங்கள் சொன்னதேதான், சரி’ என்று ஆகும். என்றோ நடந்து முடிந்த செய்தியை ‘அக்கேயோ’ என்பர். காலத்துக்கும் இந்த முறை பொருந்தும். நெடுங்காலத்துக்கு முந்திய நாட்களை நினைவுகூர்கிறவர் ‘அக்கேயோஸ்’ என்ற சொல்லைத்தான் எடுப்பார்.

மனிதரைச் சுட்டும்போது மிகுந்த கவனம் தேவை. நாம் மரியாதையைச் சுட்டுச் சொல்லிலேயே காட்டிவிடுகிறோம். ‘இவன்’ என்பதற்கும் ‘இவர்’ என்பதற்கும் உள்ள வேற்றுமையைச் சிறு பிள்ளையும் அறியும். ஸ்பானியச் சுட்டில் அந்த வேற்றுமை இல்லை. ‘எஸ்தா எஸ் மீ மாத்ரே’, அதாவது ‘இவர் என் தாயார்’ என்று அறிமுகம் செய்து வைப்பதில் குறை ஒன்றும் இல்லை. ஆனால் எதிரே நிற்கும் ஒருவரைப் பெயரோ முறையோ இல்லாமல் வெறுமே ‘எஸ்தே’, ‘எஸே’ என்று காட்டிப் பேசினால், அவரை இழிவு செய்ததாகவே கொள்வார்கள். ‘எஸ்தே செஞோர்’, அதாவது ‘இந்த ஐயா’ என்று சேர்த்துச் சொல்வதே பண்பு.

எழுதுவதைப் பற்றியும் ஒரு சொல். பழைய புத்தகங்களில் எஸ்தே, எஸே, அக்கேல் ஆகியவை தனித்து நின்று பொருளைக் குறிக்கும்போது உயிரெழுத்தின் மேல் ஒரு சாய்கோடு இருப்பதைக் காணலாம். ஸ்பானிய அரச மொழிக்கழகம் 2010ஆம் ஆண்டில் வெளியிட்ட எழுத்து விதிகளின்படி அக்கோடு தேவையில்லை. எஸ்தோ, எஸோ, அக்கேயோ என்பவற்றுக்கு அது முன்பும் கிடையாது.

ஸ்பானியர் கடிதம் எழுதும் வழக்கிலும் இந்தச் சுட்டு அழகாக வருகிறது. எழுதுகிறவர் தம் ஊரை ‘எஸ்தா’ என்றும், கடிதம் பெறுகிறவரின் ஊரை ‘எஸா’ என்றும் குறிப்பது அவர்களின் பழைய மரபு. ‘இவ்விடம் அனைவரும் நலம், அவ்விடம் நலமறிய ஆவல்’ என்று எழுதிப் பழகிய நமக்கு இதை விளக்கவே வேண்டியதில்லை.

இதில் பெற்றோர் எண்ணிப் பார்க்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. ‘தமிழ் படித்து என்ன பயன்? பிள்ளைக்குச் சுமைதானே!’ என்ற பேச்சு நம்மிடையே அவ்வப்போது எழுகிறது. இன்றைய ஆங்கிலச் சுட்டு இரண்டே வகை. ஆங்கிலம் மட்டும் அறிந்தவர் ஸ்பானிய மொழியின் நடுச்சுட்டைப் புதிதாக மனத்தில் பதித்துக்கொள்ள வேண்டும். தமிழும் மலாயும் அறிந்த தோட்டத்துப் பிள்ளைக்கோ ‘உது’வையும் ‘சித்து’வையும் நினைவூட்டினாலே போதும், பாதிப் பாடம் முடிந்துவிடும். தாய்மொழியை நன்றாகக் கற்ற பிள்ளை இன்னொரு மொழியின் வாசலில் வெறுங்கையோடு போய் நிற்பதில்லை.