ஒருவர் மூழ்கினால் எல்லோருக்கும் தோல்வி!
கல்யாண் ரெயில்வே குடியிருப்பில் ஒரு மழைக்கால விளையாட்டு

ஜெயித்தால் எல்லோரும் ஜெயிக்க வேண்டும். தோற்றால் எல்லோரும் தோற்க வேண்டும்.

இப்படி ஒரு விளையாட்டு உண்டா? உண்டு. எங்கள் வீட்டில் ஒரு தகர டப்பாவில் இருக்கிறது.

நம் ஊரில் தாயம் ஆடி வளர்ந்தவர்கள் நாம். எதிரியின் காயை வெட்டினால்தான் நமக்கு மலை ஏற வழி. பரமபதத்திலும் அப்படித்தான். அடுத்தவர் பாம்பின் வாயில் விழுந்தால் நாம் கை தட்டுவோம். இந்த விளையாட்டில் வெட்டு கிடையாது. எதிரி ஒருவன்தான். அவன் பெயர் தண்ணீர்.

விளையாட்டின் பெயர் "ஃபர்பிடன் ஐலண்ட்". தடை செய்யப்பட்ட தீவு என்று சொல்லலாம். அமெரிக்காவைச் சேர்ந்த மாட் லீகாக் என்பவர் உருவாக்கியது. 2010-ல் வெளிவந்தது. இவரே 2008-ல் "பாண்டமிக்" என்று உலகம் முழுவதும் பரவும் கொள்ளை நோயை எல்லோரும் கூடி ஒழிக்கும் விளையாட்டையும் கொடுத்தவர். தீவு விளையாட்டு அதைவிட எளிது. அரை மணி நேரத்தில் முடிந்துவிடும்.

பெங்களூரில் இருக்கும் என் மைத்துனர், பிள்ளைகளுக்கென்று வாங்கி வந்தார். வந்த அன்றே அதைப் பரண் மேல் வைத்துவிட்டேன்.

பரணுக்குப் போன காரணம்

காரணம் என் தாயார்.

ஸ்ரீவைகுண்டத்துக்கு அருகே எங்கள் கிராமம். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த மழையை நெல்லை, தூத்துக்குடிக்காரர்கள் மறந்திருக்க முடியாது. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர். 2005 ஜூலை 26-ல் மும்பையை முடக்கிய சாந்தாகுரூஸ் மழை 94 சென்டிமீட்டர் என்று இங்குள்ளவர்களுக்குத் தெரியும். அதே அளவு! திருச்செந்தூரில் இருந்து சென்னைக்குப் புறப்பட்ட ரெயில் ஸ்ரீவைகுண்டம் நிலையத்தில் சுமார் 800 பயணிகளோடு நின்றுவிட்டது. நான் இங்கே பார்சல் அலுவலகத்தில் உட்கார்ந்து, ரெயில் எங்கே நிற்கிறது என்று கேட்டுக்கொண்டிருந்தேன். தாயார் எங்கே நிற்கிறார் என்று சொல்ல ஆள் இல்லை.

இரண்டு நாள் கழித்துத் தகவல் வந்தது. பக்கத்துத் தெரு மாடி வீட்டில் இருந்தார். எங்கள் வீட்டின் பின்சுவர் போய்விட்டது.

கல்யாணுக்கு அழைத்து வந்தேன். இங்கே இரண்டு அறை. இந்தியும் மராத்தியும் தெரியாது. ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருப்பார். வெள்ளத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை. அவர் முன்னால் தீவு மூழ்கும் விளையாட்டை எப்படிப் பரப்பி வைப்பது?

ஜூலையில் ஒரு நாள் விடாத மழை. பள்ளிக்கூடம் விடுமுறை. எனக்கு வார ஓய்வு. மகளும் மகனும் என்னைக் கேட்காமலே பரணில் ஏறி டப்பாவை இறக்கிவிட்டார்கள்.

ஆட்டம் இதுதான்

பலகை கிடையாது. 24 சதுர அட்டைகளைத் தரையில் அடுக்க வேண்டும். அதுதான் தீவு. ஒவ்வொரு அட்டையும் ஓர் இடம். இரண்டு பேர் முதல் நான்கு பேர் வரை ஆடலாம். தீவில் நான்கு புதையல்கள்: நிலத்தின் கல், காற்றின் சிலை, தீயின் பளிங்கு, கடலின் கிண்ணம். நான்கையும் எடுத்துக்கொண்டு எல்லோரும் ஹெலிகாப்டர் இறங்கும் இடத்துக்கு வந்து பறந்துவிட வேண்டும்.

ஒருவர் முறை வந்தால் மூன்று வேலைகள் செய்யலாம். பக்கத்து இடத்துக்கு நகரலாம். தண்ணீர் புகுந்த இடத்தில் கரை கட்டலாம். ஒரே இடத்தில் நிற்பவருக்குச் சீட்டு கொடுக்கலாம். ஒரே புதையலின் நான்கு சீட்டுகள் சேர்ந்தால், அந்தப் புதையலுக்குரிய இடத்தில் நின்று அதை எடுக்கலாம்.

பிறகு இரண்டு புதையல் சீட்டு எடுக்க வேண்டும். அதற்குப் பிறகு வெள்ளச் சீட்டு. தொடக்கத்தில் இரண்டு. நீர் மட்டம் ஏற ஏற மூன்று, நான்கு, ஐந்து. எந்த இடத்தின் பெயர் வருகிறதோ அந்த அட்டையைத் திருப்பிப் போட வேண்டும். மறுபக்கம் நீல நிறம். நீலமான இடம் மறுபடி வந்தால் மூழ்கிவிடும். அட்டையை எடுத்து டப்பாவில் போட்டுவிட வேண்டியதுதான். திரும்ப வராது.

ஆளுக்கொரு வேஷமும் உண்டு. விமானி எங்கும் பறப்பார். பொறியாளர் ஒரே வேலையில் இரண்டு இடத்துக்குக் கரை கட்டுவார். தூதர் எங்கிருந்தும் எவருக்கும் சீட்டு தருவார். மாலுமி மற்றவர் காயை இரண்டு இடம் நகர்த்துவார். ஆய்வாளர் மூலைவாட்டில் போவார். முக்குளிப்பவர் தண்ணீருக்குள் நீந்திக் கடப்பார். பெயர்கள் ஆங்கிலத்தில் இருந்தாலும் எல்லாவற்றிலும் படம் இருக்கிறது. எழுத்துத் தெரியாதவரும் ஆடலாம்.

நான் செய்த குளறுபடி

நான், மனைவி, மகள், மகன் உட்கார்ந்தோம். தொடர்ந்து நான்கு ஆட்டம் தோல்வி.

குற்றவாளி நான்தான். எல்லோருடைய சீட்டும் திறந்தே கிடக்கும் விளையாட்டு இது. அதனால் எல்லோருக்கும் நானே உத்தரவு போட்டேன். "நீ இங்கே போ, நீ அதைக் கொடு, நீ கரை கட்டு." மகன் காயை அவன் நகர்த்தும் முன்பே நான் நகர்த்தினேன். பார்சல் அலுவலகத்தில் எனக்கு மேலே பத்துப் பேர் அதிகாரம் செய்கிறார்கள். வீட்டில் ஒரு தீவு கிடைத்ததும் நான் அதிகாரியாகிவிட்டேன்!

இரண்டாவது தவறு, நீலமான இடத்துக்கெல்லாம் உடனே கரை கட்டச் சொன்னது. எல்லோரும் கரை கட்டிக்கொண்டே இருந்தோம். புதையல் பக்கம் யாரும் போகவில்லை.

ஐந்தாவது ஆட்டம் தொடங்கும்போது மனைவி சொன்னாள்: "ஏங்க, கொஞ்சம் எந்திரிங்க. அத்தை உக்காரட்டும்."

எனக்குத் திக்கென்றது. ஜன்னலைப் பார்த்தேன். தாயார் ஜன்னலுக்கு வெளியே பார்க்கவில்லை. தரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். எத்தனை நேரமாகப் பார்த்தாரோ!

மடையைப் பார்த்து அடுக்கு

மகள் காயைக் கையில் கொடுத்தாள். தாயாருக்குத் தூதர் வேஷம். என் வேலை, பக்கத்தில் வாயை மூடிக்கொண்டு உட்காருவது. மனைவி ஒரு சட்டம் போட்டாள். முறை யாருடையதோ அவர்தான் முதலில் பேச வேண்டும். அவர் கேட்டால்தான் மற்றவர் யோசனை சொல்லலாம்.

பொறியாளரான மனைவி வழக்கம்போல ஓர் ஓரத்து அட்டைக்குக் கரை கட்டப் போனாள். "இதுக்குக் கட்டலாமா, அத்தை?" என்று கேட்டாள்.

"குளத்துக் கரை முழுக்கவா மூட்டை அடுக்குவாவ? மடையைப் பாத்து அடுக்கு" என்றார் தாயார்.

அவ்வளவுதான் விஷயம். எல்லா இடமும் நமக்கு வேண்டியதில்லை. ஹெலிகாப்டர் இறங்கும் இடம் மூழ்கினால் ஆட்டம் முடிந்தது. ஒவ்வொரு புதையலுக்கும் இரண்டு இடங்கள். எடுக்கும் முன்பே இரண்டும் மூழ்கினாலும் முடிந்தது. ஆக, காக்க வேண்டியவை ஒன்பது இடங்களும் அவற்றுக்கு இடையில் ஒரு பாதையும்தான். புதையலை எடுத்த பிறகு அதன் இடங்களும் தேவையில்லை.

அதற்காகத் தேவையற்ற இடங்களைத் தொடக்கத்திலேயே கண்டபடி கைவிட்டாலும் ஆபத்து. ஓர் இடம் மூழ்கினால் அதன் வெள்ளச் சீட்டும் கட்டிலிருந்து போய்விடும். கட்டு மெலியும். மிச்சமுள்ள இடங்களின் பெயர் அடிக்கடி வரும்.

இன்னொரு நுட்பம் இருக்கிறது. புதையல் கட்டில் மொத்தம் 28 சீட்டு. அவற்றில் மூன்று "வெள்ளம் உயர்கிறது" என்ற சீட்டு. அது வந்தால் நீர் மட்டம் ஒரு படி ஏறும். அதோடு, அதுவரை வந்துபோன வெள்ளச் சீட்டுகளைக் கலைத்துக் கட்டின் மேலேயே வைக்க வேண்டும். அடியில் அல்ல, மேலே! அதாவது ஏற்கனவே தண்ணீர் புகுந்த இடத்துக்குத்தான் மறுபடி தண்ணீர் வரும்.

இதை மகள் விளக்கியபோது தாயார் தலையை ஆட்டினார். "ஒடைஞ்ச எடத்துலதாம் தாயி மறுபடி ஒடையும். தண்ணி புதுசா வழி தேடாது."

நான்கு ஆட்டம் தோற்றும் எனக்குப் புரியாதது இது. ஓர் இடம் இப்போதுதான் நீலமானது என்றால் அதன் சீட்டு கழிந்த குவியலில் கிடக்கிறது. வெள்ளம் உயரும் சீட்டு வரும்வரை அதற்கு ஆபத்தில்லை. ஆனால் அந்தச் சீட்டு வந்த அதே முறையிலேயே வெள்ளச் சீட்டும் எடுக்க வேண்டும். ஓடிப்போய்க் கரை கட்ட நேரம் இருக்காது. எப்போது வேண்டுமானாலும் போடக்கூடிய மணல் மூட்டைச் சீட்டுகள் இரண்டு உண்டு. அவற்றை அந்த நேரத்துக்கென்று வைத்திருக்க வேண்டும்.

எண்ணவும் வேண்டும். நான்கு பேர் ஆடினால் தொடக்கத்தில் எட்டுச் சீட்டு கைக்கு வந்துவிடும். மிச்சம் 20. முறைக்கு இரண்டு என்றால் பத்து முறையில் கட்டு தீரும். அதற்குள் மூன்று வெள்ளமும் வந்தே தீரும். நான்கு முறை போயும் ஒன்றும் வரவில்லையென்றால் கவனம். எந்த நேரமும் வரலாம்.

ஒவ்வொரு புதையலுக்கும் ஐந்தே சீட்டு. நான்கு வேண்டும். கையில் ஐந்துக்கு மேல் வைத்துக்கொள்ளக் கூடாது. ஆகையால் யார் எதைச் சேர்ப்பது என்று முதலிலேயே பேசிக்கொள்ள வேண்டும். தாயார் தன்னிடம் வந்த தீப்பளிங்குச் சீட்டுகளையெல்லாம் பேரனுக்கே கொடுத்துக்கொண்டிருந்தார். தூதர் வேஷத்துக்கு அதுதான் சரியான ஆட்டம். அவர் விதி தெரிந்து செய்தாரா, பேரன் என்பதால் செய்தாரா, தெரியாது.

"நான் இங்கனயே கெடக்கேன்"

நான்கு புதையலும் வந்துவிட்டது. தீவில் பாதிக்கு மேல் காணோம். நீர் மட்டம் ஐந்துக்கு ஏறிவிட்டது. மனைவியும் மகனும் ஹெலிகாப்டர் இடத்தில் நிற்கிறார்கள். மகள் ஓர் இடம் தள்ளி. தாயாரின் காய் நான்கு இடம் தள்ளி, நீலமான ஓர் அட்டையில். ஹெலிகாப்டர் சீட்டு ஒன்றே ஒன்று, மனைவி கையில். அடுத்த முறை மகளுடையது. அது தவறினால் எந்த இடம் போகும் என்று சொல்ல முடியாது.

தாயார் சொன்னார்: "நான் இங்கனயே கெடக்கேன். நீங்க மூணு பேரும் ஏறிப் போங்க."

"அப்படிப் போக முடியாது ஆச்சி. ஒரு ஆளை விட்டுட்டுப் போனாலும் தோல்விதான்."

"அப்படியா போட்டிருக்கு?"

மகள் விதித்தாளை எடுத்து அந்த வரியைக் காட்டினாள். தாயாருக்கு ஆங்கிலம் தெரியாது. ஆனாலும் தாளை வாங்கி, தூரத்தில் பிடித்துப் பார்த்தார்.

மகள் மாலுமி. ஒரு வேலையில் ஆச்சியை இரண்டு இடம் நகர்த்தினாள். இன்னொரு வேலையில் மேலும் இரண்டு இடம். மூன்றாவது வேலையில் தானும் போய்ச் சேர்ந்தாள். மனைவி சீட்டைப் போட்டாள். மகன் கத்திய கத்தலில் பக்கத்து வீட்டு மராத்திக்கார அம்மாள் கதவைத் தட்டி என்னவென்று கேட்டார்.

தாயார் இன்னும் அந்தத் தாளைக் கையில் வைத்திருந்தார். பிறகு, யாரையும் பார்க்காமல் சொன்னார்: "அன்னைக்கும் நான் வரலைன்னுதாம்ல சொன்னேன். மேலத்தெருப் பயலுவ ரெண்டு பேரு வந்தானுவ. கழுத்தளவு தண்ணி. ஒருத்தன் தோளுல தூக்கி வச்சுக்கிட்டான்."

அந்த இரண்டு பேர் யார் என்று அன்றுதான் எனக்குத் தெரிந்தது. ஏழு மாதமாக நான் கேட்கவில்லை. மறுநாள் ஊருக்குப் போன் போட்டுப் பேசினேன்.

எங்கள் குடியிருப்பில் இப்போது இன்னும் இரண்டு வீடுகளில் இந்த ஆட்டம் நடக்கிறது. ஒரு வீட்டில் டப்பா வாங்கவில்லை. பழைய கல்யாணப் பத்திரிகைகளை வெட்டி 24 சதுரம் செய்து, ஒரு பக்கம் நீல மை பூசிவிட்டார்கள். காய்க்குச் சட்டைப் பொத்தான். ஆட்டத்துக்கு ஒரு குறையும் இல்லை.

என்னையும் மறுபடி சேர்த்துக்கொண்டார்கள். மனைவி போட்ட சட்டம் எனக்கும் உண்டு. போன ஞாயிற்றுக்கிழமை தோற்றோம். அதற்கு நான் காரணம் இல்லை. தாயார் ஹெலிகாப்டர் சீட்டைச் சீக்கிரமே போட்டுவிட்டார், பேரன் தனியாக ஒரு மூலையில் நிற்கிறான் என்று.