சயாம் பக்குவத்தில் ஆலங்குடிக் காய்கறி

வெளிநாட்டுச் சமையல் என்றவுடன், அதற்கு வேண்டிய சாமான்கள் யாவும் பட்டணத்துப் பெரிய கடைகளில் கண்ணாடிப் புட்டிகளில் அடைபட்டு, நமக்குப் புரியாத லிபியில் பெயர் எழுதப்பட்டு, நம் கைக்கு எட்டாத விலையில் அடுக்கப்பட்டிருக்கின்றன என்ற எண்ணம் நம்மில் அநேகருக்கு உண்டு. மற்ற தேசத்துச் சமையல்கள் எப்படியாயினும், 1939-ம் ஆண்டு வரை சயாம் என்று வழங்கி அதன்பின் தாய்லாந்து எனப் பெயர் மாறிய தேசத்தின் எளிய காய்கறி வதக்கலைப் பொறுத்தமட்டில் இவ்வெண்ணம் ஆதாரமற்றது. அதற்கு வேண்டிய பதார்த்தங்களில் சோயா சாஸ் ஒன்று நீங்கலாக ஏனைய யாவும் புதுக்கோட்டை மாவட்டத்து ஆலங்குடிக் கடைவீதியிலும் அதைச் சுற்றியுள்ள தோட்டங்களிலும் கிடைப்பவையே. அந்தச் சோயா சாஸும் இப்போது சிறிய மளிகைக் கடைகளில்கூட அகப்படுகிறது.

ஆலங்குடி என்றதும் குரு ஸ்தலமாகிய திருவாரூர் மாவட்டத்து ஆலங்குடியை நினைப்பவர்கள் பலர், இது வேறு. புதுக்கோட்டைக்குக் கிழக்கே, செம்மண் பூமியில், ஆழ்துளைக் கிணற்று நீரை நம்பி வடகாடு, கீரமங்கலம், கொத்தமங்கலம் முதலிய கிராமத்தார் பலாவும் வாழையும் தென்னையும் பூவும் காய்கறியும் விளைவித்து வரும் பிரதேசத்தின் தாலுகாத் தலைநகரம் இது. நிலக்கடலை இம்மாவட்டத்தின் பழைய பயிர். ஆகையால் கடலெண்ணெய்க்கு இங்கே குறைவில்லை. பக்கத்து வம்பனில், உளுந்திலும் பாசிப்பயற்றிலும் புதிய ரகங்களை வெளியிட்டு வரும் தேசியப் பயறு ஆராய்ச்சி மையத்தைத் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் நடத்துகிறது. சயாமியர் தங்கள் வதக்கலில் கைநிறைய அள்ளிப் போடும் முளை, இதே பாசிப்பயற்றின் முளைதான். புதுக்கோட்டையிலிருந்து தஞ்சாவூர் போகும் சாலையில் ஆதனக்கோட்டையைத் தாண்டுகிறவர்கள், ஓரத்தில் வறுத்து விற்கும் முந்திரிப் பருப்பின் மணத்தை அறிவார்கள். அதுவும் சயாமியரின் வதக்கலுக்குப் பிரியமான கூட்டாளி.

நமக்கும் அந்தத் தேசத்துக்கும் உள்ள சம்பந்தம் இன்று நேற்று உண்டானதன்று. தென் தாய்லாந்தின் மேற்குக் கரையிலுள்ள தக்குவா பாவில் கண்டெடுக்கப்பட்ட, கி.பி. 9-ம் நூற்றாண்டைச் சேர்ந்த தமிழ்க் கல்வெட்டு, அவனிநாரணம் என்று பெயர் கொண்ட ஒரு குளத்தையும், அதைக் காக்கும் பொறுப்பேற்ற மணிக்கிராமத்தாரையும் குறிப்பிடுகிறது. அவனிநாரணன் என்பது மூன்றாம் நந்திவர்ம பல்லவனின் விருதுப் பெயர். மணிக்கிராமம் என்ற அந்த வணிகர் குழு நம்முடைய புதுக்கோட்டை மாவட்டத்துக் கொடும்பாளூரிலும் நிலைபெற்றிருந்ததைக் கல்வெட்டுகளால் அறிகிறோம். கடல் கடந்து போய், அங்கே குளம் காத்து நின்ற மனிதர்கள் அந்த மண்ணின் சோற்றை உண்ணாமலா இருந்திருப்பார்கள்? ஆனால் அவர்கள் உண்ட உணவில் மிளகாய் இருந்திராது. மிளகாயும் முந்திரியும் அமெரிக்கக் கண்டத்துச் சொத்து. 1498-ல் கோழிக்கோட்டில் இறங்கி, 1511-ல் மலாக்காவைப் பிடித்து, அதே ஆண்டில் சயாமின் அயோத்தியா நகருக்குத் தூது அனுப்பிய போர்ச்சுகீசியரின் கப்பல்கள் கீழ்த்திசைக்குக் கொணர்ந்தவை. ஒரே விருந்தாளியை இரு தேசத்தாரும் ஏறக்குறைய ஒரே காலத்தில் வீட்டுக்குள் சேர்த்துக்கொண்டு, இன்று அவனின்றி அடுப்பு மூட்டுவதில்லை.

வாணலியைப் பெருந்தீயில் வைத்துக் காயைப் புரட்டி எடுக்கும் முறையோ சயாமியரின் ஆதி வழக்கமன்று. சுடுவதும், வேகவைப்பதும், உரலில் இடித்துச் சேர்ப்பதுமே அவர்களுடைய பழைய பக்குவங்கள். இரும்புச் சட்டியும் அதில் வதக்கும் கைவேகமும் தென் சீனத்திலிருந்து குடியேறியவர்களால், அவர்களுள்ளும் சிறப்பாகத் தியோச்சியூ மக்களால், அங்கே வேரூன்றின. 1767 முதல் 1782 வரை சயாமை ஆண்ட தக்சின் அரசரே தியோச்சியூ தந்தைக்குப் பிறந்தவர் என்றால் அந்தக் குடியேற்றத்தின் செல்வாக்கை ஊகித்துக்கொள்ளலாம். சீனரிடமிருந்து சட்டியையும் சோயாவையும் பெற்றுக்கொண்ட சயாமியர், தங்களுடைய மிளகாயையும், பனஞ்சர்க்கரையையும், மீன் ரசத்தையும், நறுமண இலைகளையும் அதில் சேர்த்துத் தமதாக்கிக்கொண்டார்கள்.

இனி, இந்த வதக்கலின் பிராணன் எதில் இருக்கிறது என்பதைச் சொல்ல வேண்டும். அது சாஸில் இல்லை. தீயிலும் அளவிலும் இருக்கிறது. நம் வீட்டுப் பொரியலில் காயைத் தாளிதத்தில் போட்டு, தண்ணீர் தெளித்து, மூடி வைத்து, பதமாக வேகவிட்டுத் தேங்காய்ப்பூத் தூவி இறக்குகிறோம். அது ஓர் உயர்ந்த பக்குவம், அதைக் குறைத்துப் பேச எனக்கு மனம் வராது. சயாமியரின் நோக்கம் வேறு. காயின் மேற்புறம் சட்டியின் சூட்டில் பட்டு மணம் எழும்ப வேண்டும். உட்புறமோ கடித்தால் நறுக்கென்று இருக்க வேண்டும். முட்டைக்கோஸும் கேரட்டும் எடையில் ஏறக்குறைய பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். உறைநிலையிலுள்ள நீரைக் கொதிநிலைக்குக் கொண்டுவர எவ்வளவு வெப்பம் வேண்டுமோ அதைப்போல் ஐந்து மடங்குக்கு மேல் அதே நீரை ஆவியாக்கி ஓட்டுவதற்கு வேண்டும். ஆகையால், ஒரு படி காயைச் சிறு வாணலியில் ஒரே தடவையில் கொட்டினால், காய் விடுகிற நீரை ஆவியாக்கும் சக்தி அடுப்புக்கு இல்லாமல், சட்டியின் சூடு 100 பாகையோடு நின்றுபோய், வதக்க நினைத்தது அவியலாக முடிகிறது. இரண்டு பேருக்கு வேண்டிய காயை ஒரு தடவையும், மற்ற இருவருக்கு வேண்டியதை மறு தடவையுமாகச் செய்வதே உசிதம். இரண்டு தடவைக்கும் சேர்த்துப் பத்து நிமிஷத்துக்கு மேல் ஆகாது.

இதே காரணத்தால், கழுவிய காயைத் துணியில் பரப்பி ஈரம் போக உலர்த்திய பிறகே சட்டியில் போட வேண்டும். சட்டியும் இரும்பாக இருப்பதே நலம். ஒட்டாமலிருக்க மேற்பூச்சுப் பூசிய பாத்திரங்களை வெறுமனே வைத்துக் கடுமையாகக் காய்ச்சுவது தகாது. வீட்டுக்குப் பின்னால் இன்னும் விறகடுப்பு வைத்திருப்பவர்கள் பாக்கியசாலிகள். உலர்ந்த தென்னை மட்டையும் பாளையும் எழுப்பும் கொழுந்தைச் சமையலறைக் காஸ் அடுப்பு எட்டிப் பிடிக்க முடியாது.

இருவருக்கு வேண்டிய அளவைச் சொல்கிறேன். எல்லாக் காயும் சேர்ந்து 300 கிராம் போதும்: தட்டைக்காய் ஒரு பிடி, கேரட் ஒன்று, முட்டைக்கோஸ் சிறு துண்டு, பாசிப்பயற்று முளை ஒரு பிடி. பயற்றை ஓர் இரவு ஊறவைத்து, இரண்டு மூன்று நாள் இருட்டில் வைத்து அடிக்கடி நீர் தெளித்து வந்தால் சயாமியர் வழக்கப்படி முளை நீண்டு வளரும். நாம் சுண்டலுக்குக் கட்டும் குட்டை முளையானாலும் பாதகமில்லை. கேரட்டையும் தட்டைக்காயையும் ஒரே கனத்தில், மெல்லியதாக, சாய்வாக அரிய வேண்டும். கனம் ஒன்றாக இல்லாவிட்டால் வேக்காடும் ஒன்றாக இராது.

வாசனைக்கு உரியது பூண்டு ஆறு பல், வெள்ளை மிளகு கால் தேக்கரண்டி, கொத்தமல்லி வேர் மூன்று. கடைசியில் சொன்ன இந்த வேரைப் பற்றி அவசியம் ஒரு வார்த்தை பேச வேண்டும். மல்லிக்கட்டை வாங்கியதும் வேரை வெட்டிக் குப்பையில் எறிவது நம் வழக்கம். சயாமியருக்கோ இலையைவிட வேரே பிரதானம். வேரும் பூண்டும் மிளகும் சேர்ந்து உரலில் நைந்த விழுதுதான் அவர்களுடைய எண்ணற்ற பதார்த்தங்களுக்கு அஸ்திவாரம். மண் போகக் கழுவிச் சுரண்டி, சிறிய இடிகல்லில் நசுக்கிப் பாருங்கள். இலையில் இல்லாத ஓர் ஆழ்ந்த மணம் அதிலிருந்து கிளம்பும். இத்தனை நாள் நாம் வீணாக்கிய பொருள் இது என்பதில் எனக்கு உண்மையாகவே வருத்தம் உண்டு.

ஒரு கிண்ணத்தில் சோயா சாஸ் ஒரு மேசைக்கரண்டி, தண்ணீர் இரண்டு மேசைக்கரண்டி, சீவிய கருப்பட்டி அரைத் தேக்கரண்டி ஆகியவற்றைக் கரைத்து வைத்துக்கொள்ள வேண்டும். சயாமில் பேச்சபுரி என்னும் மாகாணம் பனைமரத்துக்கும் பனஞ்சர்க்கரைக்கும் பேர்பெற்றது. நமது கருப்பட்டி அதைவிடக் கறுப்பும் மணமும் மிகுந்ததாகையால் சற்றுக் குறைத்தே போடலாம். ஒரு மேசைக்கரண்டி சோயா சாஸில் இரண்டு கிராமுக்குக் குறையாத உப்பு இருக்கிறது. நாள் ஒன்றுக்கு ஐந்து கிராமுக்கு மேல் உப்பு ஆகாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் யோசனை. ஆகவே தனியாக உப்புச் சேர்க்கவே கூடாது. சயாமியர் வீட்டில் சோயாவுடன், அல்லது அதற்குப் பதிலாக, மீன் ரசம் விடுவார்கள். நம் மாவட்டத்துக் கடற்கரையில் ஜெகதாப்பட்டினத்திலும் கோட்டைப்பட்டினத்திலும் நெத்திலியை உப்பிட்டு வெயிலில் உலர்த்திக் கருவாடாக்குகிறோம். அவர்களோ அதே இன மீனை உப்புடன் தொட்டியில் இட்டு ஓராண்டு அளவும் புளிக்கவைத்து வடியும் ரசத்தை எடுத்துக்கொள்கிறார்கள். சைவ உணவுக்காரர்களுக்குச் சோயாவே போதும்.

எல்லாம் கைக்கு எட்டும் தூரத்தில் தயாராக இருக்கிறது என்று நிச்சயப்படுத்திக்கொண்ட பிறகே அடுப்பை மூட்ட வேண்டும். சட்டி காய்ந்த பின் பூண்டை உரிக்க உட்காருவதற்கு இங்கே அவகாசம் இல்லை. தெளித்த நீர்த்துளி உருண்டு ஓடும் அளவுக்குச் சட்டி காய்ந்ததும், கடலெண்ணெய் ஒன்றரை மேசைக்கரண்டி விட்டு, செக்கெண்ணெயானால் முதல் புகையிழை தோன்றும் தருணத்திலேயே, இடித்த விழுதையும் கீறிய ஊசிமிளகாய் இரண்டையும் போட்டு, பூண்டு பொன்னிறம் காட்டுமுன், கேரட்டையும் தட்டைக்காயையும் சேர்த்து, சட்டுவத்தால் அடியிலிருந்து வாரிப் புரட்டியபடி ஒன்றரை நிமிஷம் விட வேண்டும். அதன்பின் கோஸ், ஒரு நிமிஷம். அதன்பின் கரைத்து வைத்த ரசத்தைச் சட்டியின் ஓரமாக ஊற்றினால் அது சுளீரென்று பொங்கிக் காய்களின்மேல் படியும். கடைசியாக முளை. குழந்தைகளும் கர்ப்பிணிகளும் சாப்பிடுவதானால் முளையை முன்னதாகவே போட்டு நன்றாகச் சூடேற விடுவது உத்தமம். வறுத்த முந்திரியும் ஒரு கைப்பிடி திருநீற்றுப் பச்சிலையும் தூவி இறக்கிவிடலாம். சயாமியர் உபயோகிக்கும் நறுமண இலைக்குத் திருநீற்றுப் பச்சிலை மிக நெருங்கிய உறவு. துளசியையும் அவர்கள் சமையலில் சேர்ப்பதுண்டு. பூஜைக்கு உரியதை வாணலியில் இட மனம் இசையாதவர்கள் பச்சிலையோடு நிறுத்திக்கொள்ளட்டும்.

இப்பக்கத்துக் கிராமங்களிலிருந்து சிங்கப்பூருக்கும் மலேசியாவுக்கும் பிழைப்புக்காகப் போய் வந்தவர்கள் அநேகர். அவர்கள் அங்கே கங்கோங் என்று வாங்கிச் சாப்பிட்ட கீரை நம் குளங்களில் படரும் வள்ளைக் கீரையே. சயாமியர் அதை இதே முறையில், இன்னும் கடுமையான தீயில், அரை நிமிஷத்தில் வதக்கி எடுப்பது அவர்கள் நாட்டுத் தெருக்கடைகளின் பிரசித்தமான காட்சி: கீரை, நசுக்கிய பூண்டு, மிளகாய், சோயா விழுது யாவற்றையும் ஒரே தட்டில் குவித்து, புகையும் எண்ணெயில் ஒருமிக்கக் கவிழ்த்துவிடுகிறார்கள். சாக்கடை கலந்த குட்டைகளில் பறித்த கீரையை மட்டும் எக்காரணத்தாலும் வாங்கலாகாது; தண்டு உள்ளே புழையுடையதாகையால் நறுக்கிய பின்னும் ஒருமுறை அலச வேண்டும்.

இந்த வதக்கலைச் சாம்பாருக்குத் தொட்டுக்கொள்வதைவிட, சூடான சோற்றின்மேல் போட்டு, வேறு குழம்பின்றிச் சாப்பிடுவதே பொருத்தம். எலுமிச்சைச் சாற்றில் மிளகாயை அரிந்து போட்டுச் சில துளி சோயா விட்ட சிறு கிண்ணம் பக்கத்தில் இருக்கட்டும். புளிப்பும் காரமும் வேண்டியவர்கள் தாமே சேர்த்துக்கொள்வார்கள். இறக்கிய கணத்தில் உண்ண வேண்டிய பதார்த்தம் இது. டப்பாவில் அடைத்துப் பள்ளிக்கும் வேலைக்கும் அனுப்பினால் பச்சைக் காய்கள் மூடிய சூட்டில் நிறமும் மொறுமொறுப்பும் இழந்துவிடும். மத்தியானச் சாப்பாட்டுக்குக் கட்டிக் கொடுப்பதானால், சயாமியர் வீடுகளில் சகஜமாகச் செய்யும் பரங்கிக்காய் வதக்கல் ஏற்றது: கால் அங்குலக் கனத்தில் அரிந்த பரங்கியைப் பூண்டுடன் புரட்டி, சிறிது நீர் தெளித்து ஐந்தாறு நிமிஷம் வேகவிட்டு, துண்டுகளின் ஓரம் கரையத் தொடங்கியதும் முட்டை ஒன்றை உடைத்து ஊற்றிக் கிளறி, சோயா அரை மேசைக்கரண்டியும் பச்சிலையும் சேர்த்து இறக்கினால், பகல் பன்னிரண்டு மணிக்குத் திறந்து சாப்பிடும்போதும் ருசி குன்றாது.