பிரிக்காத கவர்

எங்கள் வீட்டு டிரங்குப் பெட்டியில் அரக்கு உடையாத கவர் ஒன்று கிடக்கிறது. அப்பா சின்னக் கான்ட்ராக்டர். வாறுகால், பள்ளிக்கூடத்துச் சுற்றுச்சுவர், இந்த அளவு வேலைகள்தான். அந்தத் தடவை இரண்டு கவர் டெண்டர். முதல் கவரில் தகுதிச் சான்றுகளும் முன்வைப்புத் தொகைக்கான டி.டி.யும், இரண்டாவதில் ரேட்டு. முதலாவது தேறினால்தான் இரண்டாவதைப் பிரிப்பார்கள். டி.டி.யை அதிகாரியின் பதவிப் பெயரில் எடுக்கச் சொல்லியிருக்க, அப்பா அலுவலகத்தின் பெயரில் எடுத்துவிட்டார். "எந்தப் பேர்ல இருந்தா என்ன சார், பணம் பணந்தானே" என்று வாதாடிப் பார்த்தார். ரேட்டுக் கவர் பிரிக்காமலே கைக்குத் திரும்பியது.

இன்று நான் கீழக்குயில்குடியிலிருந்து நாகமலைப் புதுக்கோட்டைக்குப் போய், கான்ட்ராக்டர்களுக்கு ஆன்லைனில் டெண்டர் ஏற்றிக்கொடுக்கிறேன். அரக்கு போய் டிஜிட்டல் கையெழுத்து வந்துவிட்டது. தப்பு மட்டும் அப்படியே இருக்கிறது. போன மாதம் ஒரு அண்ணன் வந்து நின்றார். "பிரமாணப் பத்திரத்துல ஒரு பக்கம் விட்டுப்போச்சுன்னு தள்ளிட்டாங்க தங்கச்சி. கோர்ட்டுக்குப் போவமா?" (அதை ஏற்றியது நானில்லை.)

அவருக்கு வாரணாசிக் கதையைச் சொன்னேன். அங்கே ரயில்வேயின் டீசல் என்ஜின் தொழிற்சாலை, இரும்புக் கழிவை விற்க டெண்டர் விட்டது. முன்வைப்புத் தொகையை ரொக்கமாகவோ ஸ்டேட் வங்கி டி.டி.யாகவோ கட்டவேண்டும். போத்தார் ஸ்டீல் நிறுவனம் யூனியன் வங்கிக் காசோலையை வைத்தது; பணம் உண்டு என்று வங்கியே சான்று போட்ட காசோலை. தொழிற்சாலை ஏற்றுக்கொண்டது, போட்டி நிறுவனம் வழக்குப் போட்டது. அலகாபாத் உயர் நீதிமன்றம் செல்லாது என்றதை உச்ச நீதிமன்றம் 1991-இல் மாற்றியது. நிபந்தனைகளில் உயிரானவை உண்டு, துணைக்கு நிற்பவையும் உண்டு. துணை நிபந்தனையைக் கொஞ்சம் தளர்த்த அலுவலகத்துக்கு உரிமை உண்டு என்றது தீர்ப்பு.

இதை முதன்முதலில் படித்த அன்று அப்பாவிடம் ஓடினேன். "நம்ம டி.டி. மாதிரியே இருக்குப்பா!" அவர் நிதானமாகக் கேட்டார்: "அங்க ஆபீஸ்காரன் சரின்னானா, வேணாம்னானா?"

அதுதான் விஷயம். 2016-இல் சென்ட்ரல் கோல்ஃபீல்ட்ஸ் வழக்கு வந்தது. வங்கி உத்தரவாதம் டெண்டரில் சொன்ன படிவத்தில் இல்லை என்று நிலக்கரி நிறுவனம் விண்ணப்பத்தைத் தள்ளியது. ஜார்க்கண்ட் உயர் நீதிமன்றம் விண்ணப்பதாரர் பக்கம் நின்றது; உச்ச நீதிமன்றம் நிறுவனத்தின் பக்கம். எது உயிரான நிபந்தனை என்பதை வேலை கொடுப்பவர்தான் முடிவு செய்வார் என்றது. ஒரு தீர்ப்பு தளர்த்துகிறது, இன்னொன்று இறுக்குகிறது என்றுதான் தோன்றும். ஆனால் இரண்டிலும் நிலைத்தது அலுவலகத்தின் முடிவே. 1991-இன் தீர்ப்பு கையில் இருந்திருந்தாலும் அப்பா தோற்றிருப்பார் என்றே நினைக்கிறேன்.

அதற்காக அலுவலகம் வைத்ததெல்லாம் சட்டமாகாது. 1977-இல் பம்பாய் விமான நிலையத்தில் உணவகம் நடத்த டெண்டர். ஐந்து வருட அனுபவமுள்ள, பதிவு பெற்ற இரண்டாம் தர ஹோட்டல்காரர்களுக்கு மட்டும் என்று அறிவிப்பு. மாதம் 6,666 ரூபாய் 66 காசு தருவதாகச் சொல்லி வேலையை வாங்கியவரோ கேன்டீன்தான் நடத்தியிருந்தார். (அந்த 66 காசை யோசித்துப் போட்ட மனிதரை எனக்குப் பிடிக்கும்.) ரமணா தயாராம் ஷெட்டி என்பவர் உச்ச நீதிமன்றம்வரை போனார்: 'நிபந்தனையைத் தளர்த்துவீர்கள் என்று தெரிந்திருந்தால் நானும் போட்டிருப்பேனே!' நீதிபதி பகவதி 1979-இல், தானே வகுத்த அளவுகோலை அரசு அமைப்பு ஒருவருக்காக மட்டும் வளைக்கக் கூடாது என்று தீர்ப்பெழுதினார். இன்றும் பல டெண்டர் வழக்குகளில் அந்தத் தீர்ப்பு வந்து நிற்கிறது. ஆனால் ஷெட்டிக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. மாதக்கணக்கில் தாமதித்து வந்தார், அதற்குள் எதிராளி பணத்தைப் போட்டு உணவகத்தை அமைத்துவிட்டார், ஷெட்டியே இன்னொருவர் தூண்டி வந்தவர் என்று வழக்கைத் தள்ளிவிட்டார்கள்.

"சரி, நமக்கு எத்தனை நாளு?" என்றார் அண்ணன். தமிழ்நாட்டில் ஒப்பந்தப்புள்ளிகளுக்கு 1998-ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. டெண்டர் முடிவு உத்தரவு கைக்கு வந்த பத்து நாளுக்குள் அரசிடம் மேல்முறையீடு செய்யலாம். அதற்கும் மேலே ரிட் மனு. 2004 முதல் அதற்குச் சென்னை போகவேண்டியதில்லை, ஒத்தக்கடைப் பக்கம் உயர் நீதிமன்றக் கிளை வந்துவிட்டது. எங்கள் சமணர் மலையடியில் கிளம்பினால் ஊரைக் குறுக்கே கடந்து யானைமலைப் பக்கம் போய் இறங்கலாம். அங்கேயும் உங்கள் ரேட்டு நல்லதா என்று பார்க்கமாட்டார்கள். முடிவில் கெட்ட எண்ணமோ தான்தோன்றித்தனமோ உண்டா, பொதுநலன் கெடுகிறதா, இவ்வளவுதான் கேள்வி.

அண்ணன் விரல்விட்டு எண்ணினார். உத்தரவு வந்து பன்னிரண்டு நாள் ஆகியிருந்தது.

ராத்திரி வீட்டில் இதைச் சொன்னபோது அப்பா டிரங்குப் பெட்டியைத் திரும்பிப் பார்த்தார். அன்றைக்கு என்ன ரேட்டு போட்டிருந்தார் என்று இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. பிரித்துப் பார்க்கலாமா என்றேன். "வேணாந்தா. அந்த வேலைய எடுத்தவன் ரேட்டு எனக்குத் தெரியும்" என்றார்.