துவக்க நிரலும் பழைய ஆட்டங்களும்

விளையாட்டு யந்திரம் பழுதுற்றால், அதற்கென எழுதப்பெற்ற ஆட்டங்களும் அதனோடு மாய வேண்டுமா? வேண்டியதில்லை. பழைய யந்திரத்தைப் போலவே கணினியை நடந்துகொள்ளச் செய்யும் நிரல்கள் உள்ளன. இவற்றை எமுலேட்டர் என்பர். ஒரு யந்திரத்தின் கட்டளைகளை மற்றொன்றுக்கு உணர்த்துவதால், மொழிபெயர்ப்புத் தொழிலினராகிய நாம் இவற்றை நம் இனமென்றே கொள்வோம்.

நிண்டெண்டோ நிறுவனம் 1989-இல் வெளியிட்ட கேம் பாயை எடுத்துக்கொள்வோம். மின்சாரம் பாய்ந்ததும் அதில் முதலில் இயங்குவது, சில்லினுள் பதித்த 256 பைட் அளவுள்ள துவக்க நிரல். அதற்குப் பூட் ரோம் என்று பெயர். தன்னிடமுள்ள நிறுவனச் சின்னம் ஆட்டத்தின் கார்ட்ரிட்ஜிலும் அவ்வாறே உள்ளதா என்று அது ஒப்புநோக்கும். மாறுபட்டால் அங்கேயே நின்றுவிடும். பொருந்தினால் தன்னை மறைத்துக்கொண்டு ஆட்டத்துக்கு வழிவிடும். இவ்வாறு மறைந்துவிடுவதால், 2003-இல் சில்லைத் திறந்து நுண்ணோக்கியில் நோக்கியே அந்நிரலைப் படித்தெடுத்தனர்.

அது இன்றியமையாததா? துவக்க நிரல் விட்டுச்செல்லும் நிலையைத் தாமே அமைத்துக்கொண்டு, பல எமுலேட்டர்கள் ஆட்டத்தை நேரே தொடங்குகின்றன. ஆனால் 1998-இல் வந்த கேம் பாய் கலரில், முந்தைய ஒருநிற ஆட்டங்களுக்கு வண்ணம் தேர்ந்தளிப்பதும் துவக்க நிரலே. அதனை விடுத்தால், அப்பணியையும் எமுலேட்டரே ஏற்க வேண்டும்.

எனினும் அக்கோப்பு நிறுவனத்தின் பதிப்புரிமைக்கு உட்பட்டது. அதனைப் படியெடுத்துப் பரப்புவது வேறு. அதன் தொழிலை ஆராய்ந்தறிந்து புதிய நிரலைத் தாமே எழுதுவது வேறு. அத்தகைய ஆராய்ச்சிக்காகப் பிளேஸ்டேஷனின் பயாஸ் நிரலைப் படியெடுத்தது நியாயமான பயன்பாடே என்று, சோனிக்கும் கனெக்டிக்ஸுக்கும் இடையே நிகழ்ந்த வழக்கில் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000-இல் தீர்ப்பளித்தது. மூலத்தைக் களவாடாமலே அதன் பணியைத் தொடர வழியுண்டு என்பதே நாம் கொள்ளத்தக்க செய்தி.