அலவிகள்: ஒரு குடும்பத்தின் ஆட்சியும் ஒரு சமூகத்தின் மீதான பழியும்

 

2025 மார்ச் மாதம் சிரியாவின் கடற்கரைப் பகுதியில் அலவிகள் கொல்லப்பட்ட செய்தி வந்தபோது, ஜும்ஆவுக்குப் பின் ஓர் இளைஞர் என்னிடம் கேட்டார்: "ஹழ்ரத், ஐம்பது ஆண்டுகளாக முஸ்லிம்களை வதைத்தவர்கள்தாமே இவர்கள்? இவர்களுக்காக ஏன் வருந்த வேண்டும்?" அவருக்குச் சொன்ன பதிலையே சற்று விரிவாக உங்கள் முன் வைக்கிறேன்.

யார் இந்த அலவிகள்?

ஹள்ரமவ்த்திலிருந்து வந்த ஸெய்யிதுமார்களின் அலவிய்யா தரீக்காவையும் இவர்களையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. துருக்கியின் அலெவிகளும் வேறு பிரிவினரே. ஹிஜ்ரி மூன்றாம் நூற்றாண்டில் இராக்கில் வாழ்ந்த முஹம்மது இப்னு நுஸைர் என்பவரின் வழிவந்தோர் என்பதால், இவர்கள் நெடுங்காலம் 'நுஸைரிய்யா' என்றே அழைக்கப்பட்டனர். அடுத்த நூற்றாண்டில் ஹுஸைன் அல்கஸீபீ என்பவர் இக்கொள்கைக்கு வடிவம் தந்து, ஹலப் நகரில் இறந்தார். 'அலவி' என்னும் பெயர் பரவலானது 1920களில்தான்.

அலீ (ரலி) அவர்களை இறைமையின் வெளிப்பாடாகக் கருதுவதும், ஆன்மா மறுபிறவி எடுக்கிறது என்பதும் அவர்களுடைய பழைய நூல்களில் காணப்படும் கொள்கைகளாகும். மார்க்க இரகசியங்கள் ஆண்களுக்கு மட்டுமே, அதுவும் உறுதிமொழி பெற்ற பின்னரே போதிக்கப்படும். இவை நம் அகீதாவுக்கு முரணானவை என்பதில் ஐயமில்லை. இமாம் இப்னு தைமிய்யா (மறைவு ஹிஜ்ரி 728) இவர்களுக்கு எதிராகக் கடுமையான ஃபத்வா வழங்கினார். ஆனால் 1936இல் ஜெரூசலம் முஃப்தி அமீன் அல்ஹுஸைனி இவர்களை முஸ்லிம்கள் என்று அறிவித்தார். 1973இல் லெபனானின் ஷியாத் தலைவர் மூஸா அஸ்ஸத்ர் இவர்களை ஷியாக்களுள் சேர்த்துக்கொண்டார். இவ்விரண்டு அறிவிப்புகளிலும் அக்கால அரசியலின் பங்கு இருந்தது.

மலையிலிருந்து மாளிகைக்கு

லாதகிய்யாவுக்குக் கிழக்கேயுள்ள மலைகளே இவர்களின் புகலிடம். உஸ்மானியர் ஆட்சியில் இவர்கள் ஏழைக் குடியானவர்கள். நிலமோ பெரும்பாலும் நகரத்துச் செல்வந்தர்களிடம் இருந்தது. வறுமையால் தம் சிறுமிகளை நகரத்து வீடுகளுக்கு வேலைக்கு அனுப்பிய குடும்பங்கள் பல.

முதல் உலகப் போருக்குப் பின் வந்த பிரெஞ்சுக்காரர்கள், பிரித்தாளும் நோக்கில், 1920இல் அலவிகளுக்கெனத் தனி ஆட்சிப் பகுதியை அமைத்தனர். அதே காலத்தில் ஸாலிஹ் அல்அலீ என்னும் அலவித் தலைவர் 1921 வரை பிரெஞ்சுப் படையை எதிர்த்துப் போரிட்டார் என்பதையும் மறக்கலாகாது. பிரெஞ்சுக்காரர்கள் தம் படைக்குச் சிறுபான்மையினரை விரும்பிச் சேர்த்தனர். வசதியுள்ள நகரத்தார் இராணுவ வேலையை இழிவாகக் கருதியபோது, மலையின் ஏழை இளைஞர்களுக்கு அதுவே பிழைக்கும் வழியாயிற்று.

அதன் விளைவு பின்னர் தெரிந்தது. 1963இல் பஅஸ் கட்சி ஆட்சியைப் பிடித்தபோது, அதை இயக்கிய இராணுவக் குழுவின் முதன்மையானவர்களுள் மூவர் அலவிகள். அவர்களுள் ஒருவரான ஹாஃபிஸ் அல்அஸத் 1970இல் அதிகாரத்தைக் கைப்பற்றினார். 1982இல் ஹமா நகரில் ஆயிரமாயிரம் பேர் கொல்லப்பட்டனர். 2011இல் எழுந்த மக்கள் கிளர்ச்சியை அவருடைய மகன் பஷ்ஷார் ஒடுக்கியதில் தொடங்கிய போரில் இலட்சக்கணக்கானோர் மாண்டனர். அந்த அநீதியை மறைப்பதும் அநீதியே.

பழி யாருடையது?

ஹாஃபிஸ் சிறையிலடைத்தவர்களுள் ஒருவர் அவருடைய தோழரும் அலவியுமான ஸலாஹ் ஜதீத். 1970இல் சிறை புகுந்த அவர் 1993இல் சிறையிலேயே இறந்தார். அஸத் குடும்பத்தின் சொந்த ஊரான கர்தாஹாவில் பிறந்த அப்துல் அஸீஸ் அல்கைர், எதிர்க்கருத்துக்காக 13 ஆண்டுகள் சிறையிலிருந்தார். 2012இல் மீண்டும் பிடிக்கப்பட்டுக் காணாமற்போனார். ஆட்சி செய்தது ஓர் அலவிக் குடும்பம். ஆனால் அலவிகள் அனைவருமே ஆட்சியாளர்கள் அல்லர்.

2024 டிசம்பர் 8இல் அந்த ஆட்சி வீழ்ந்தது. 2025 மார்ச் 6இல் பழைய ஆட்சியின் ஆதரவாளர்கள் பாதுகாப்புப் படையினரைத் தாக்கிக் கொன்றனர். அடுத்த நாட்களில் ஆயுதம் தாங்கியோர் வீடுகளின் கதவைத் தட்டி, "நீங்கள் அலவியா, சுன்னியா?" என்று கேட்டுக் கொன்றனர். புதிய அரசு அமைத்த விசாரணைக் குழுவே 1,426 பேர் கொல்லப்பட்டதாகவும், அவர்களுள் பெரும்பாலோர் பொதுமக்கள் என்றும் அறிவித்தது. அதே நாட்களில் பானியாஸ் நகரில் அலவிக் குடும்பங்களைத் தம் வீட்டில் ஒளித்துக் காத்த சுன்னி அண்டை வீட்டாரும் இருந்தனர்.

சகோதரர்களே! ஒரு கூட்டத்தார் மீதுள்ள பகை நம்மை நீதியிலிருந்து பிறழச் செய்யக் கூடாது என்பது மாயிதா அத்தியாயம் 8ஆம் வசனத்தின் கட்டளை. ஒருவரின் பாவச் சுமையை மற்றவர் சுமக்கமாட்டார் என்பதும் குர்ஆன் பலமுறை வலியுறுத்தும் விதி. குற்றவாளியைத் தண்டிக்கும் அதிகாரம் விசாரித்துத் தீர்ப்பளிக்கும் காழிக்கே உரியது. நூற்றாண்டுகளுக்கு முந்தைய ஃபத்வாவைக் கையிலேந்தி ஒரு தனி மனிதன் கதவைத் தட்டுவதற்கு நம் ஃபிக்ஹில் இடமில்லை. அகீதாவின் பிழையைச் சுட்டுவது ஆலிம்களின் கடமை. அதைக் காரணம் காட்டி ஓர் உயிரைப் பறிப்பது வேறு.

அந்த இளைஞரிடம் இறுதியாக இதைத்தான் கேட்டேன்: "ஹமாவில் இறந்த குழந்தைக்காக அழும் நாம், பானியாஸில் இறந்த குழந்தைக்காக அழ மறுத்தால், நாம் அழுதது குழந்தைக்காகவா, நம் கூட்டத்துக்காகவா?" அவர் தலை குனிந்து நின்றார். எனக்கும் அந்தக் கேள்வி உரியதே.

கோபத்திலும் நீதி தவறாத உள்ளத்தை வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.