தாயகம் திரும்பிய குழந்தைகள்

பதுளைக்குச் சென்றவர்கள் நமுனுகுல மலையைக் காணாமல் திரும்பியிருக்க முடியாது. ஒன்பது சிகரங்களை உடையது என்பது அதன் சிங்களப் பெயரின் பொருள். அம்மலையைச் சூழ்ந்து பதுளை, பசறை, தெமோதரைப் பகுதிகளில் தேயிலைத் தோட்டங்கள் பரந்து கிடக்கின்றன. அத்தோட்டங்களின் லயங்களிலே பிறந்த பிள்ளைகள் பலர், 1960களின் இறுதி தொடங்கி 1984 வரையில், பெற்றோருடன் கடல் கடந்து தமிழ்நாட்டுக்குச் சென்றனர். அரசாங்க ஏடுகள் அவர்களைத் 'தாயகம் திரும்பியோர்' என்று பதிவு செய்தன. திரும்புதல் என்பது முன்பு புறப்பட்ட இடத்தை மீண்டும் அடைவதாகும். இப்பிள்ளைகளோ இந்தியாவை ஒருநாளேனும் கண்டவர்களல்லர். அவர்களுக்குப் பொருந்தாத இந்தச் சொல்லால் விளைந்தது என்ன என்பதையே, நேயர்களே, இன்று உங்களுடன் ஆராய விரும்புகிறேன்.

முதலில் வரலாற்றைச் சுருக்கமாகப் பார்ப்போம். பத்தொன்பதாம் நூற்றாண்டிலே, முதலில் கோப்பிக்கும் பின்னர் தேயிலைக்கும் உழைப்பதற்காகத் தென்னிந்தியக் கிராமங்களிலிருந்து மக்கள் கங்காணிமாரின் வழியே இலங்கைக்கு வந்தனர். மன்னாரில் இறங்கிக் காட்டுவழியே கால்நடையாக மலைநாட்டை அடைந்தோர் எண்ணிறந்தோர். வழியிலே நோயால் மாண்டோரும் பலர். இவ்வாறு வந்தோரின் பேரப்பிள்ளைகள் காலத்தில் இலங்கை சுதந்திரம் அடைந்தது. ஆயின் 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் இவர்களுள் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர் ஆக்கிற்று. 1964 அக்டோபர் 30ஆம் நாள், பிரதமர்கள் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டனர். நாடற்றோர் 9,75,000 பேர் எனக் கணக்கிடப்பட்டது. அவர்களுள் 5,25,000 பேரை இந்தியா ஏற்பது, 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை வழங்குவது, எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் முடிவு செய்வது என்று தீர்மானிக்கப்பட்டது. 1974இல் ஏற்பட்ட மற்றோர் உடன்பாட்டினால், எஞ்சியோரை இரு நாடுகளும் பாதிப் பாதியாகப் பகிர்ந்துகொண்டன.

அந்த உடன்படிக்கையில் ஒரு தொடர் உண்டு. ஏற்றுக்கொள்ளப்பட்ட தொகையினருடன் அவர்களுடைய 'இயற்கைப் பெருக்க'மும் சேரும் என்பது அது. உடன்படிக்கைக்குப் பின் பிறந்த குழந்தைகளையே இச்சொல் குறித்தது. ஒரு லயத்துக் காம்பராவில் பிறந்த குழந்தைக்குப் பெயர் சூட்டப்படுமுன்னரே, அது எந்த நாட்டுக் கணக்கில் சேரும் என்பது பெற்றோரின் விண்ணப்பத்தால் முடிவாகிவிட்டது. 1973, 1974ஆம் ஆண்டுகளில் தோட்டங்களைப் பீடித்த உணவுப் பஞ்சம், தயங்கி நின்ற பல குடும்பங்களையும் பயணத்துக்கு உடன்படச் செய்தது. 1984 அளவில், உடன்படிக்கைக் கணக்கில் சென்றோர் மூன்று இலட்சத்தைக் கடந்தனர். பின்னர்ப் பிறந்த பிள்ளைகளையும் சேர்த்தால் தொகை நான்கு இலட்சத்தையும் கடக்கும்.

எட்டு வயதுச் சிறுமி ஒருத்தியை எண்ணிப் பாருங்கள். அவள் பதுளை நிலையத்தில் கோச்சி ஏறுகிறாள். மலைநாட்டு மக்கள் ரயிலைக் கோச்சி என்றே வழங்குவர். தெமோதரையில் இருப்புப்பாதை வளைந்து, ரயில் நிலையத்துக்கு அடியிலேயே புகுந்து வரும் விந்தையை அவள் வேடிக்கை பார்த்திருப்பாள். எல்ல, பண்டாரவளை, அப்புத்தளை என்று ஒவ்வொரு நிலையத்திலும் வழியனுப்ப வந்தோர் கட்டிப்பிடித்து அழுதார்கள். தலைமன்னாருக்குப் பயணமான அந்த வண்டிக்கு 'ஒப்பாரிக் கோச்சி' என்றே மக்கள் பெயரிட்டனர். பெற்றோர் எதனை இழந்து அழுகின்றனர் என்பதைச் சிறுமி முழுதும் அறியாள். அவளுடைய இழப்புகள் வேறு: தாய் கொழுந்து பறிக்கச் சென்ற நேரத்தில் தன்னை வளர்த்த பிள்ளைக் காம்பரா, உடன் விளையாடிய தோழி, கொண்டு செல்ல இயலாத நாய்க்குட்டி. இவற்றுக்காக எவரும் ஒப்பாரி வைக்கவில்லை.

தலைமன்னாரிலிருந்து கப்பல் இராமேசுவரத்தை அடைந்தது. அங்கிருந்து மண்டபம் முகாம். இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில், இலங்கைத் தோட்டங்களுக்குப் புறப்பட்ட தொழிலாளரை நோய்த்தடுப்புக்காகத் தங்கவைத்த அதே மண்டபத்திலேதான் அவர்களுடைய பேரப்பிள்ளைகள் வந்து இறங்கினர். மலையின் குளிரிலே வளர்ந்த குழந்தைக்கு எங்கும் மணல், எங்கும் வெயில். தொடுவானத்திலே ஒரு குன்றும் இல்லை.

மொழி ஒன்றே ஆகையால் இடர் இராது என்று பெரியோர் நம்பினர். உண்மையில் மொழியே பிள்ளைகளைக் காட்டிக் கொடுத்தது. கோச்சி என்றாலும், சதம் என்றாலும், பாண் என்றாலும் வகுப்பில் சிரிப்பு எழும். பதுளைக் கடைத்தெருவில் பழகிய சிங்களம் இங்கே எவருக்கும் வேண்டப்படவில்லை. மகாவலியைப் படித்தவர்கள் காவிரியைப் படிக்க வேண்டியிருந்தது. அங்கே விடுகைப் பத்திரம் என்று வழங்கிய தாளுக்கு இங்கே மாற்றுச் சான்றிதழ் என்று பெயர். அது கைவசம் இல்லாத பிள்ளையை எந்த வகுப்பில் அமர்த்துவது என்பதே ஒரு சிக்கல். இலங்கையில் 'வடக்கத்தியான்' என்று சுட்டப்பட்ட குடும்பத்தின் பிள்ளை, இங்கே 'சிலோன்காரன்' என்று சுட்டப்பட்டான்.

குடும்பங்கள் பலவற்றுக்குச் சிறுதொழில் கடன் வழங்கி, முன்னோரின் மாவட்டங்களுக்கு அனுப்பினர். வாழ்நாளெல்லாம் கொழுந்து பறித்த கைகளுக்கு வாணிபம் கைவரவில்லை. கடன் தொகை கரைந்தது. தாம் அறிந்த தொழிலைத் தேடிப் பலர் நீலகிரிக்கு ஏறினர். அங்கே கூடலூர், கோத்தகிரி, குன்னூர்ப் பகுதிகளில், இவர்களுக்கெனத் தமிழ்நாட்டு அரசு 1968இல் தொடங்கிய தேயிலைத் திட்டம் பின்னர் தமிழ்நாடு தேயிலைத் தோட்டக் கழகமாயிற்று. பெற்றோருக்குப் பழகிய வேலை கிடைத்தது. பிள்ளைக்கோ, ஓராண்டு இரண்டாண்டுக்குள்ளே இரண்டாம் முறையாகப் பள்ளி மாறியது. பின்னாளில் உயர்படிப்புக்குச் சாதிச் சான்றிதழ் கேட்டபோது, முப்பாட்டன் விட்டுச் சென்ற ஊருக்குச் சான்று தேடி அலைந்த குடும்பங்கள் உண்டு.

இவ்வநுபவம் இவர்களுக்கு மட்டும் உரியதன்று. அதே 1964ஆம் ஆண்டில் பர்மாவிலிருந்து சென்னைத் துறைமுகத்தில் வந்திறங்கிய தமிழ்க் குடும்பங்களின் பிள்ளைகளும், 1962இல் அல்ஜீரியாவிலிருந்து பிரான்சுக்குக் கப்பலேறிய குடியேறிகளின் பிள்ளைகளும், தாம் பிறவாத நாட்டுக்கே 'திரும்பினர்'. வேற்று நாட்டிலிருந்து ஒரு குழந்தை வருகிறது என்றால், அதற்கு மொழியும் வழக்கமும் புதியவை, உதவி தேவை என்று ஆசிரியர் உணர்வார். 'சொந்த நாட்டுக்குத் திரும்பிய பிள்ளை' என்றால், அதற்கு எல்லாம் தெரியும் என்று எண்ணிவிடுவார். அப்பிள்ளை வாய் திறவாதிருப்பதை மந்தபுத்தி என்றும், ஊரை நினைத்து அழுவதை நன்றியின்மை என்றும் கொள்வதற்கு இச்சொல்லே இடம் தந்தது. தாயகத்தைச் சேர்ந்துவிட்டதாகச் சொல்லப்படும் பிள்ளை, தான் ஊரை இழந்ததை எவரிடம் முறையிடும்?

ஆயினும் பிள்ளைகள் தோற்றுவிட்டனர் என்று நான் கூறவில்லை. புதிய ஊரின் பேச்சையும் நடையையும் முதலில் பற்றிக்கொண்டவர்கள் அவர்களே. படிவங்களைப் படித்துச் சொன்னவர்களும், அதிகாரியின் கேள்வியைத் தாய்க்கு விளக்கியவர்களும் அவர்களே. பெற்றோருக்கு வழிகாட்டும் சுமை பத்து வயதிலேயே அவர்கள் தோளில் ஏறிற்று. அன்று கப்பலேறிய சிறுமிக்கு இன்று பேரப்பிள்ளைகள் இருக்கக்கூடும். அப்பிள்ளைகளைப் பொறுத்தவரையில் நீலகிரியே ஊர். அம்மண்ணிலும் இன்று கலக்கம் உண்டு. 2022இல் தேயிலைக் கழகத்தின் நிலங்களில் ஒரு பகுதியை வனத்துறையிடம் ஒப்படைக்க அரசு முடிவு செய்தபோது, 'இனி எங்கே?' என்ற பழைய கேள்வி மீண்டும் எழுந்தது.

இலங்கையில் தங்கிவிட்டோருள் நாடற்றோராகவே எஞ்சியிருந்தோர், 2003ஆம் ஆண்டின் சட்டத்தினால் குடியுரிமை பெற்றனர். 1964 அக்டோபர் 30 முதல் இலங்கையில் நிலையாக வாழ்ந்துவந்தோரும் அவர்தம் வழித்தோன்றல்களும் அச்சட்டத்துக்கு உரியோர். பிரிக்கப் பயன்பட்ட அதே தேதி, சேர்த்துக்கொள்ளவும் பயன்பட்டது. அதற்குள் கப்பலேறிச் சென்ற பிள்ளைகளுக்கு அத்தேதியால் பயன் ஒன்றுமில்லை.

இன்றும் போரினாலும் வறுமையினாலும் பெற்றோரின் முடிவினாலும் குழந்தைகள் எல்லை கடந்து வருகிறார்கள். நம் ஊர்ப் பள்ளியில் அத்தகைய பிள்ளை ஒன்று வந்து அமர்ந்தால், அது நம் இனத்தது, நம் மொழியது, ஆகவே குறையொன்றுமில்லை என்று விட்டுவிடலாகாது. அது எந்த ஊரிலிருந்து வந்தது, அங்கே எந்த மலை இருந்தது, எவரை விட்டு வந்தது என்று கேட்க வேண்டும். அந்த ஊரைப் பற்றிச் சொல்ல இடம் கிடைத்த பிள்ளைக்கு, இந்த ஊரில் காலூன்றுவது எளிதாகும்.