ஆறு புள்ளிகளும் ஒரு கருவித்தொகுப்பும்

கோட்டைப்பட்டினத்தில் வலை கட்டுகிறவர் நூல் திரிப்பதில்லை. நைலான் வலை, மிதவை, ஈயக்குண்டு, கயிறு என்று எல்லாவற்றையும் கடையில் வாங்கிவந்து, தன் படகுக்கும் பிடிக்கப்போகும் மீனுக்கும் தக்கபடி கோர்க்கிறார். செல்பேசிச் செயலி எழுதுகிறவருக்கும் இப்படி ஒரு சரக்கு மூட்டை கிடைக்கிறது. மென்பொருள் உருவாக்கக் கருவித்தொகுப்பு என்று பெயர். தொழிலில் இருப்பவர்களுக்கு அது எஸ்.டி.கே. ஆண்ட்ராய்டுக்கான முதல் தொகுப்பு 2007 நவம்பரில் வந்தது, ஐபோனுக்கானது 2008 மார்ச்சில்.

கேமராவையும் திரையையும் அதிர்வையும் இயக்குவதற்கான நிரல்கள் அதில் தயாராக இருக்கும். கையேடு, மாதிரி நிரல்கள், பிழை தேடும் கருவி ஆகியவையும் உண்டு. கூடவே கணினித் திரையில் ஓடும் ஒரு போலிச் செல்பேசியும் உண்டு. அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

கோட்டைப்பட்டினத்திலிருந்து ஏறத்தாழ 20 கடல் மைல் போனால் இந்திய-இலங்கைக் கடல் எல்லை. 1974 ஒப்பந்தம் பாக் நீரிணை முதல் ஆதாம் பாலம் வரை ஆறு புள்ளிகளைக் குறித்து, அவற்றை வரிசையாக இணைத்தது. மொத்தம் சுமார் 85 கடல் மைல். தண்ணீரில் அடையாளம் ஏதும் கிடையாது. இரவில் வலை இழுத்துக்கொண்டிருக்கும் விசைப்படகை நீரோட்டம் எல்லைக்கு அப்பால் தள்ளிவிட்டால் படகும் போகும், ஆட்களும் சிறைக்குப் போவார்கள். எல்லை நெருங்கும்போது எச்சரிக்கும் செயலி இங்கே எவ்வளவு தேவை என்பதற்கு இதைவிட விளக்கம் வேண்டாம்.

எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தின் 'ஃபிஷர் ஃபிரெண்ட்' அப்படிப்பட்ட செயலிதான். அலை உயரம், மீன் கிடைக்கக்கூடிய பகுதி ஆகிய தகவல்களோடு எல்லை எச்சரிக்கையும் தருகிறது. முதலில் அது குவால்காம் நிறுவனத்தின் 'புரூ' தளத்தில் ஓடியது. பிறகு ஆண்ட்ராய்டுக்கு மாறியது. ஒரு தொகுப்பை வைத்து எழுதிய நிரல் இன்னொன்றில் அப்படியே ஓடாது.

'நான் எங்கே இருக்கிறேன்?' என்று தொகுப்பிடம் கேட்க ஒருசில வரி நிரல் போதும். அட்சரேகை, தீர்க்கரேகை வந்துவிடும். டவர் போய்விட்டால் செல்பேசிக்கு இடம் தெரியாது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களில் நான்கின் சமிக்ஞை கிடைத்தாலே இடத்தைக் கணக்கிட்டுவிடலாம். டவர் இல்லாவிட்டால் முதல் கணிப்புக்குக் கொஞ்சம் கூடுதல் நேரம் பிடிக்கும், அவ்வளவுதான். காணாமல் போவது இணையத்திலிருந்து இறங்கும் வரைபடம். அதனால் கடலுக்குப் போகும் செயலி வரைபடத்தைக் கரையிலேயே ஏற்றிக்கொள்ள வேண்டும்.

சிக்கல் அடுத்துதான் வருகிறது. ஓர் இடத்தை நெருங்கினால் மணி அடிக்கும் வசதி ஆண்ட்ராய்டு தொகுப்பிலேயே இருக்கிறது. ஆனால் அதற்கு வட்டம்தான் தெரியும்: ஒரு மையம், ஓர் ஆரம். கடைக்கும் வீட்டுக்கும் பேருந்து நிலையத்துக்கும் அது சரி. எல்லையோ நீண்ட கோடு. வட்டங்களை மாலைபோல் கோர்த்து வைத்தால் நடுவில் மணி முன்னதாக அடிக்கும், இரண்டு வட்டம் சேரும் இடத்தில் தாமதமாக அடிக்கும். ஆகவே படகிலிருந்து கோட்டுக்குள்ள குறைந்தபட்சத் தூரத்தைக் கணக்கிடும் நிரலைச் செயலி எழுதுகிறவரே எழுத வேண்டும். நகரத்தை மனத்தில் வைத்துச் செய்த தொகுப்பு என்பது இந்த இடத்தில் எனக்குத் துல்லியமாகத் தெரிகிறது.

2017-இல் வந்த ஆண்ட்ராய்டு 8, பேட்டரியைக் காப்பதற்காக, பின்னணியில் ஓடும் செயலிக்கு மணிக்குச் சில முறை மட்டுமே இடத்தைச் சொல்லத் தொடங்கியது. மணிக்கு 6 கடல் மைல் வேகத்தில் போகும் படகு 15 நிமிடத்தில் ஒன்றரை கடல் மைல் கடந்துவிடும். எல்லை அருகே அது பெரிய தூரம். இதற்கு வழி இருக்கிறது: திரையில் நிலையான அறிவிப்பு ஒன்றை வைத்து, 'நான் வேலையில்தான் இருக்கிறேன்' என்று செயலி வெளிப்படையாகக் காட்டிக்கொண்டால் தொடர்ந்து இடம் கிடைக்கும். கையேட்டைப் பொறுமையாகப் படித்தவருக்கே இது பிடிபடும்.

இனி அந்தப் போலிச் செல்பேசி. ஒரு படகுப் பயணத்தின் தடத்தை அதற்கு ஊட்டினால், தான் கடலில் போவதாகவே அது நம்பும். சென்னையில் மேசைமுன் உட்கார்ந்தபடி எல்லையை நூறுமுறை கடந்து பார்க்கலாம். யாரையும் யாரும் பிடிக்க மாட்டார்கள். ஆனால் உப்புத் தண்ணீரில் நனைந்த விரலுக்குத் தொடுதிரை இசைகிறதா, டீசல் எஞ்சினின் இரைச்சலை மீறி மணி காதில் விழுகிறதா என்பதைப் பார்க்க ஒருநாள் கோட்டைப்பட்டினத்துக்கு வந்து படகில் ஏறித்தான் ஆக வேண்டும்.